நெடுந்தீவில் ஒரு தோட்டா குறைந்த நாள்

“…மூண்டு தரம் இழுத்துக் காட்டியாச்சு. இனி நாலாந்தரமும் இழுத்து, விசையையும் அமத்திக் காட்டினாத்தான் நம்புவீரோ?” என்று கேட்டபடி எங்கள் மேற்பார்வை அதிகாரி மேசையில் கிடந்த துவக்கைக் கையில் எடுத்தார்.

நான் அப்போதுதான் படகால் இறங்கி, முழங்கால் வரை உப்புத் தண்ணீரில் நனைந்த காற்சட்டையோடு, நெடுந்தீவு வங்கிக் கிளையின் பின்னறைக்குள் காலெடுத்து வைத்திருந்தேன். துவக்கின் வாய் பலகை மறைப்பைப் பார்த்திருந்தது. மறைப்புக்கு அந்தப் பக்கம் பத்துப் பதினைந்து பேர் வரிசையில் நின்று பலமாகக் கதைத்துக்கொண்டிருந்தார்கள். அறையின் மூலையில், அன்று காலை முதல் கள்ளன் என்ற பெயரைச் சுமந்துகொண்டு, காவலாளி சூசை அண்ணை நின்றார்.

பாதுகாப்பு வேலைக்குப் புதிதாக வந்திருக்கிற பிள்ளைகளே, துவக்கைக் கழற்றித் துடைத்துப் பூட்டும் முறையை உங்களுக்குப் பயிற்சியில் காட்டியிருப்பார்கள். அச்சடித்த தாளும் தந்திருப்பார்கள். அது நல்ல தாள்தான். நான் அதைத் திருப்பிச் சொல்லி உங்கள் நேரத்தை வீணாக்கப் போவதில்லை. அந்தத் தாளில் இல்லாத ஒரு முற்பகலைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்தேன்.

முதலில் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். நாரந்தனையில் தண்ணீர் பம்பும் வள்ளத்து இயந்திரமும் திருத்திக்கொண்டிருந்தவன். கடலுக்குப் போகிறவர்கள் குறைய, திருத்த வேலையும் குறைந்தது. சீருடை போட்டுக்கொண்டு ஊர்காவற்றுறையில் ஒரு வங்கிக் கிளையின் வாசலில் நிற்கத் தொடங்கினேன். ஒருநாள் அந்தக் கிளையின் துவக்கு இறுகிப்போனது. கொழும்பிலிருந்து ஆள் வர இரண்டு கிழமை ஆகும் என்றார்கள். அனுமதி கேட்டேன், தந்தார்கள். கழற்றினேன்.

கழற்றின அழகைக் கேளுங்கள். கடைசி ஆணியைத் திருப்பினதுதான் தாமதம், உள்ளேயிருந்த ஒரு சின்னச் சுருள்வில் ‘டிங்’ என்று துள்ளி, யன்னலால் வெளியே பாய்ந்து கிணற்றடிப் புல்லுக்குள் விழுந்தது. இரண்டு மணித்தியாலம் முழங்காலில் தவழ்ந்தேன். அந்தக் கிளையைக் கூட்டித் துடைக்கிற அக்கா ஒருவர், பழைய வானொலியிலிருந்து எடுத்த காந்தத்தை நூலில் கட்டி இழுத்துக்கொண்டு வந்தார். ஐந்து நிமிடத்தில் வில் காந்தத்தில் தொங்கியது. அதை என் கையில் போட்டுவிட்டு அவர் சொன்னார்: “யன்னலைப் பூட்டிப்போட்டுக் கழட்டுறதுக்கு உமக்குப் படிப்பு வேணுமோ?”

அவருடைய பெயரை இங்கே போடவில்லை; போட்டால் என்னோடு சண்டைக்கு வருவார். ஆனால் என்னுடைய ஆசிரியர் யார் என்று யாராவது கேட்டால் அவரைத்தான் சொல்வேன். எந்த வேலையையும் தொடங்குமுன், பிழைத்தால் எது எங்கே போய் விழும் என்று ஒருமுறை சுற்றிப் பார்க்கிற பழக்கம் அன்றைக்கு வந்தது. காலப்போக்கில் தீவுப்பகுதிக் கிளைகளின் துவக்குகளெல்லாம் என் பொறுப்பாயின. ஊர்காவற்றுறை, வேலணை, புங்குடுதீவு, நெடுந்தீவு என்று ஒரு பை நிறையத் திருத்துக் கருவிகளோடு திரிந்தேன்.

இனி நெடுந்தீவுக்கு வருகிறேன்.

எங்கள் துவக்கு தானாகத் தோட்டா ஏற்றுகிற வகை. குழலுக்குக் கீழே இன்னொரு குழாய் இருக்கும். தோட்டாக்கள் அதற்குள் ஒன்றின் பின் ஒன்றாக வரிசையில் நிற்கும். ஒரு நீளமான சுருள்வில் அவற்றைப் பின்பக்கம் தள்ளிக்கொண்டே இருக்கும். பக்கத்திலுள்ள கைபிடியை இழுத்துவிட்டால் ஒரு தோட்டா மேலே வந்து அறைக்குள் ஏறும். மறுபடி இழுத்தால் அது வெளியே விழ, அடுத்தது ஏறும். பழைய இரட்டைக்குழல் துவக்கு அப்படியில்லை. அதை நடுவால் முறித்து, குழலுக்குள்ளால் வானத்தைப் பார்க்கலாம். வானம் தெரிந்தால் வெறுமை, கதை முடிந்தது. எங்கள் அதிகாரி வன்னியில் தகப்பனுடைய வயலில் அப்படியான துவக்கோடு வளர்ந்தவர். இரவுக் காவல் முடிந்ததும் முறித்துப் பார்த்து, பூட்டி, நிலத்தைப் பார்த்து விசையை அமத்தி வில்லைத் தளர்த்திவிட்டுத்தான் தகப்பன் சுவரில் மாட்டுவாராம். அதைப் பெருமையாகச் சொல்லுவார். கெட்ட மனிதர் இல்லை. நேரத்துக்கு வருவார், இலஞ்சம் தெரியாது. தான் கண்ணால் பார்த்தது பிழைக்காது என்ற நம்பிக்கை மட்டும் கொஞ்சம் கூட.

அது தை மாதத் தொடக்கம். வாடைக்காற்று. அதிகாரி முதல்நாட் படகில் வந்து நெடுந்தீவில் தங்கி, காலை ஏழு மணிக்குக் கிளையைச் சோதித்திருக்கிறார். துவக்குக்குக் கொடுத்திருந்தது ஐந்து தோட்டா. கைபிடியை இழுத்து இழுத்துக் கழித்தபோது நான்குதான் விழுந்தன. இன்னும் மூன்று தரம் இழுத்தார். ஒன்றும் வரவில்லை. சூசை அண்ணையிடம் ஐந்தாவது எங்கே என்று கேட்டார். “துவக்குக்குள்ளைதான் இருக்கவேணும் சேர்” என்றார் அவர்.

பிள்ளைகளே, பேனை ஒன்று குறைந்தால் வாங்கி வைக்கலாம். எங்கள் பக்கத்தில் ஒரு தோட்டா குறைந்தால் அதன் கதையே வேறு. பொலிசு வரும், விசாரணை வரும், எதற்குக் கொடுத்தாய் யாருக்குக் கொடுத்தாய் என்று கேள்வி வரும். வேலை போவது அதில் ஆகச் சின்ன நட்டம். அதிகாரி யாழ்ப்பாணத்துத் தலைமை அலுவலகத்துக்கு அறிவித்துவிட்டார். பின்னேரப் படகில் சூசை அண்ணையைக் கூட்டிக்கொண்டு போய்ப் பொலிசில் ஒப்படைப்பது என்று முடிவாயிற்று. எனக்கு வந்த கட்டளை, முதற்படகில் போய்த் துவக்கைச் சோதித்து, அதில் பிழையில்லை என்று எழுதிக் கொடுப்பது. ‘பிழை இருக்கிறதா பார்’ என்று யாரும் சொல்லவில்லை. கவனியுங்கள்.

குறிகட்டுவான் துறையில் நான் படகேறும்போதே செய்தி எனக்கு முன்னால் ஏறி உட்கார்ந்திருந்தது. படகோட்டி என்னைப் பார்த்துச் சொன்னார்: “சூசை தோட்டா வித்துப்போட்டானாம் எண்டு கதைக்கினம். ஆறு மாடு வைச்சிருந்தும் பாலுக்குத் தண்ணி கலக்கத் தெரியாத மனுசன். அவன் வியாபாரம் செய்திட்டானாம்.”

ஒரு மணித்தியாலக் கடல். அலை மேலால் அடித்தது. சூசை அண்ணையை எனக்குப் பத்து வருடமாகத் தெரியும். பிந்தி வந்ததில்லை, துவக்கை மதிலில் சாய்த்துவிட்டு எழுந்து போனதில்லை. கோயில் திருநாளுக்குக் கூட யாராவது மாற வந்தால்தான் போவார். இந்த மனிதர் பொய் சொல்லவில்லை. அதிகாரியும் பொய் சொல்கிறவர் இல்லை. இரண்டு உண்மைகாரருக்கு நடுவில் ஒரு தோட்டா எங்கே போகும்? கடல் முழுக்க இதைத்தான் யோசித்துக்கொண்டு வந்தேன்.

அறைக்குள் நுழைந்ததும் சூசை அண்ணை என்னைப் பார்த்தார். நான் ஒரு கேள்விதான் கேட்டேன், துவக்கை உள்ளே வடிவாகப் பார்த்தீர்களா என்று. அதற்குத்தான் அதிகாரிக்குக் கோபம் வந்து, நான் தொடக்கத்தில் எழுதியதைச் சொல்லிக்கொண்டு துவக்கை எடுத்தார்.

எடுத்தபோது ஒரு மணம் வந்தது. துவக்கு காலையிலிருந்து யன்னலோர மேசையில், வெயில் விழுகிற இடத்தில் கிடந்திருக்கிறது. இயந்திர எண்ணெய் மணம் எனக்கு நித்திரையிலும் தெரியும். இது அதில்லை. அடுப்படி மணம், குசினி மணம். சூடான தேங்காயெண்ணெய் மணம்.

அந்த எண்ணெய் என்னுடையது.

சாமான்களெல்லாம் தட்டுப்பாடாயிருந்த காலம் அது. தலைமை அலுவலகத்திலிருந்து துவக்கு எண்ணெய் வந்து மாதக்கணக்காகியிருந்தது. நெடுந்தீவில் உப்புக் காற்று இரும்பை மூன்று நாளில் சிவப்பாக்கிவிடும். என்ன செய்வது என்று சூசை அண்ணை தொலைபேசியில் கேட்டபோது, நான் வேலணையில் வேறொரு துவக்கைப் பிரித்து வைத்துக்கொண்டு, தோளுக்கும் காதுக்கும் இடையில் தொலைபேசியைச் செருகியபடி, “கொஞ்சம் தேங்காயெண்ணெய் பூசிவிடுங்கோ அண்ணை, பிறகு பாப்பம்” என்று சொல்லியிருந்தேன். துணியில் இரண்டு சொட்டு எடுத்து வெளியிரும்பில் தடவுவதைத்தான் நான் நினைத்தேன். நினைத்ததைச் சொல்லவில்லை. சூசை அண்ணையோ எதையும் அரைகுறையாகச் செய்யாதவர். தோட்டா நிற்கிற குழாய்க்குள்ளும் தாராளமாக ஊற்றியிருக்கிறார்.

மார்கழி, தை மாதங்களில் எங்கள் வீடுகளில் தேங்காயெண்ணெய்ப் போத்தல் என்ன ஆகும்? காலையில் வெள்ளையாக உறைந்து நிற்கும். தலைக்கு வைக்க வேண்டுமென்றால் முற்றத்து வெயிலில் கொஞ்ச நேரம் வைத்து இளக்குவோம். இது தெரியாத ஆள் யாழ்ப்பாணத்தில் இல்லை. தெரிந்தும் எனக்கு அந்தப் போத்தலையும் இந்தக் குழாயையும் சேர்த்துப் பார்க்கத் தோன்றவில்லை. விடியற்காலை வாடையில் எண்ணெய் உறைந்து, உப்போடும் தூசோடும் சேர்ந்து களிபோலாகி, கடைசித் தோட்டாவைக் குழாயின் நடுவில் பிடித்து வைத்திருக்க வேண்டும். துருப்பிடித்து நொந்துபோன வில்லுக்கு அதைத் தள்ளப் பலமில்லை. ஏழு மணிக்கு மூன்று தரம் இழுத்தும் வராததில் அதிசயமே இல்லை. ஆனால் இப்போது பதினொரு மணி. நாலு மணித்தியால வெயில். எண்ணெய் இளகியிருக்கும். தோட்டா இறங்கி வந்து வாசலில் நிற்கும்.

அதிகாரி நாலாந்தரம் கைபிடியை இழுத்துவிட்டால் அது அறைக்குள் ஏறும். அதன் பிறகு, அப்பா பழக்கின பழக்கத்தில், விசையை அமத்துவார்.

இதை எழுத ஒரு பக்கம் எடுத்தது. அன்றைக்கு எனக்கு இருந்தது, அவருடைய கை கைபிடிக்குப் போகிற நேரம்.

இந்த இடத்தில்தான் நீங்கள் நின்று யோசிக்க வேண்டும். பாய்ந்து துவக்கைப் பறிக்கலாமா? பறிக்கிற இழுவையில் என்னவும் நடக்கலாம். ‘நிறுத்துங்கோ, அதுக்குள்ளை தோட்டா இருக்கு’ என்று கத்தலாமா? அவர் நம்பமாட்டார். மூன்று தரம் பார்த்தவருக்கு நான் பொய்யனாகத்தான் தெரிவேன். எனக்குக் காட்டுவதற்கென்றே இழுப்பார். ஒரு மேலதிகாரியிடம் ‘நீங்கள் பிழை’ என்று சொன்னால் அவருடைய கை வேகமாகும். அது எனக்கு எப்படித் தெரிந்தது என்று கேட்காதீர்கள். என்னிடம் அப்படிச் சொன்னவர்களுக்கு முன்னால் என் கையும் அப்படித்தான் வேகமாகியிருக்கிறது.

“சேர், பிழை விட்டது நான்” என்றேன்.

அவருடைய கை நின்றது.

“இந்தத் துவக்குக்குத் தேங்காயெண்ணெய் பூசச் சொன்னது நான்தான். வாயை நிலத்துக்குப் பிடிச்சுக்கொண்டு கேளுங்கோ, முழுக்கச் சொல்லுறன்.”

“என்ன எண்ணெய்?”

“தேங்காயெண்ணெய்.”

“குசினியிலை இருக்கிறதோ?”

“ஓம் சேர். அதுதான்.”

அவர் என்னைப் பார்த்தார், பிறகு துவக்கைப் பார்த்தார், பிறகு அதை மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோனார். அதற்குள் வாய் தானாகவே நிலத்துக்கு இறங்கியிருந்தது. அவருடைய முகத்தில் ஒரு சந்தோசம் கூட வந்தது. குற்றவாளி ஒருவன் தானாக வந்து அகப்பட்டால் யாருக்குத்தான் வராது. எனக்கு அது போதும். அவர் என்னைத் திட்டிக்கொண்டிருக்கும்வரை அந்த விசையில் விரல் போகாது. ஒரு நிமிடம் நன்றாகத் திட்டு வாங்கினேன். என் வாழ்க்கையில் அவ்வளவு நிம்மதியாகத் திட்டு வாங்கியதில்லை.

முடிந்ததும், வெளியே மணலில் வைத்து ஒருமுறை பார்ப்போம் சேர், நீங்களே பாருங்கோ, நான் தொடவில்லை என்றேன். கிளையின் பின்முற்றத்தில், பவளக்கல் மதிலோரம், கட்டட வேலைக்குக் கொட்டிய மணற்கும்பம் ஒன்று இருந்தது. வரிசையில் நின்ற ஆட்களை உள்ளேயே நிற்கச் சொன்னோம்; சூசை அண்ணையும், கிளைக்குப் பொறுப்பான முகாமையாளராயிருந்த ஒரு இளம் பெண்ணும் மட்டும் எங்களோடு வந்தார்கள். அதிகாரி துவக்கின் வாயை மணலை நோக்கிப் பிடித்து, அடிப்பக்கத்தை மேலே திருப்பினார். கைபிடியைத் தொட வேண்டாம், தோட்டா போடுகிற வழியால் விரலை விட்டுப் பாருங்கோ என்றேன்.

விரலை விட்டார். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. விரலை எடுத்தார், துடைத்தார், மறுபடி விட்டார்.

“ஏதோ வட்டமாய்த் தட்டுப்படுது” என்றார், மிக மெதுவாக.

குனிந்து பார்த்தோம். குழாயின் வாயில் பித்தளை மினுங்கிக்கொண்டு நின்றது. நான் காட்டிய இடத்தில் தடையை அவர் பெருவிரலால் அமத்த, தோட்டா வழுகி வந்து அவருடைய உள்ளங்கையில் விழுந்தது. தலைமுழுக்குக்குப் போகிற பிள்ளை மாதிரி முழுக்க எண்ணெய்.

ஐந்து.

சூசை அண்ணை அதைக் கையில் வாங்கவில்லை. எட்டி நின்று பார்த்தார். நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டார். பிறகு மதிலைப் பிடித்துக்கொண்டு அப்படியே கீழே குந்திவிட்டார். முகாமையாளர் பிள்ளை உள்ளே ஓடிப்போய்த் தண்ணீர் கொண்டுவந்தார். உள்ளே வரிசையில் நின்றவர்களுக்கு எப்படித்தான் தெரிந்ததோ, ஒரே ஆரவாரம். தோட்டா கிடைத்துவிட்டது, சூசை எடுக்கவில்லை என்று ஒருவருக்கொருவர் சொல்லிச் சிரிக்கும் சத்தம் முற்றம்வரை வந்தது. யன்னலால் எட்டிப் பார்த்த ஒரு கிழவர், “துவக்குக்குச் சனி முழுக்கு வாத்திருக்கிறாங்கள், அதுதான் குளிரிலை உள்ளுக்கை சுருண்டு கிடந்திருக்கு” என்றார். என்னைப் பார்த்துச் சொன்ன கேலிகளில் இன்றுவரை எனக்கு மிகப் பிடித்தது அதுதான்.

அந்த வெற்றியின் சூட்டிலேயே ஓரிரண்டு சங்கதி சொல்லிவிடுகிறேன். வெறும் துவக்கு என்பது ஒருவர் சொல்லுகிற சொல். துவக்குக்கு அது தெரியாது. கண் பார்த்தது, கை இழுத்தது என்பதோடு விடாமல் அறைக்குள்ளும் குழாய்க்குள்ளும் விரல் போக வேண்டும். அதற்குப் பிறகும் கழற்றி முடியும்வரை அதன் வாய் மணலைத்தான் பார்க்க வேண்டும். கொடுத்த எண்ணிக்கையும் கழித்த எண்ணிக்கையும் ஒத்துவராவிட்டால், ஆளைச் சோதிக்குமுன் துவக்கைச் சோதியுங்கள். அடுத்த கிழமையே நான் எல்லாக் கிளைகளுக்கும் போய்க் குழாய்களைக் கழுவி, வில் மாற்றி, தேங்காயெண்ணெய்ப் போத்தல்களைக் குசினிகளுக்குத் திருப்பி அனுப்பினேன். புங்குடுதீவில் ஒரு தம்பி நல்லெண்ணெய் பாவித்திருந்தான். அதையும் எழுதி வைக்கிறேன், சிரிப்பதற்கு.

இன்னொன்று. தொலைபேசியில் அரைவாசிச் சொல் சொல்லாதீர்கள். ‘கொஞ்சம்’ என்றால் எவ்வளவு, ‘பூசு’ என்றால் எங்கே என்று சொல்லுங்கள். உங்கள் சொல்லை ஒருவர் முழுமனதோடு செய்வார். அவர் உண்மையான ஆளாயிருந்தால் உங்கள் பிழையையும் முழுமையாகவே செய்து முடிப்பார்.

ஆனால் அன்றைக்கு எல்லாம் முடிந்துவிடவில்லை. தலைமை அலுவலகத்தில் சூசை அண்ணையின் பெயர் இன்னும் காலையில் போன செய்தியில்தான் கிடந்தது. பொலிசுக்குக் கடிதம் அடித்து முடித்திருப்பார்கள். தோட்டா கிடைத்துவிட்டது என்று சொன்னால் போதும். எப்படி, யாரால் என்பதை எத்தனையோ விதமாகச் சொல்லலாம். சேர் நினைத்தால் எல்லாவற்றையும் என் எண்ணெயில் ஊற்றிவிடலாம். நானே வாயால் ஒத்துக்கொண்டவன். காவலாளியின் கவனக்குறைவு என்று ஒரு வரி எழுதினாலும் யாரும் கேள்வி கேட்கப் போவதில்லை; உள்ளே ஊற்றியது அவருடைய கைதானே. சூசை அண்ணையும் அதைத்தான் யோசித்திருக்க வேண்டும். குந்தியிருந்த இடத்திலிருந்து கண்ணை எடுக்காமல் சேரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சேர் தோட்டாவை முகாமையாளரிடம் கொடுத்தார். எண்ணெய்க் கையைக் காற்சட்டையில் துடைத்தார், அதைப் பற்றி யோசிக்கவில்லை. மதிலோரம் அலைவரிசை கிடைக்கிற மூலைக்குப் போய்த் தலைமை அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தார். காற்று இரைந்ததால் ஒலிபெருக்கியில் போட்டார். அந்தப் பக்கம் பேசியவரின் குரல் எங்கள் மூன்று பேருக்கும் கேட்டது. தேங்காயெண்ணெய் உறைந்து தோட்டா துவக்குக்குள்ளேயே நின்றதையும், அதைப் பூசச் சொன்னது நான் என்பதையும் இவர் சொல்ல, அவர் கேட்டார்: “அப்ப, எண்ணெய் பூசச் சொன்ன ஆளிலை பிழை எண்டு முடிக்கட்டோ?”

சேர் என்னை ஒருமுறை திரும்பிப் பார்த்தார்.

“எண்ணெய் அவரின்ரை பிழை. அதை நான் கேக்க முதலே அவர் சொல்லிப்போட்டார். உள்ளுக்கு விரலை விட்டுப் பாக்காமல் ஒரு மனுசனைக் கள்ளன் எண்டது என்ரை பிழை. ரெண்டையும் எழுதும். சூசையிலை எழுத ஒண்டுமில்லை. கடிதத்தைக் கிழிச்சிட்டு, கிழிச்சன் எண்டு அவருக்கு நீர்தான் சொல்லவேணும்.”

சொல்லிவிட்டு, மதிலோரம் சூசை அண்ணைக்கு முன்னால் போய்த் தானும் மணலில் குந்தினார்.

“இந்தாங்கோ அண்ணை, கேளுங்கோ” என்று தொலைபேசியை அவருடைய கையில் வைத்தார்.